ரோம் ஃபோரத்துக்கு கைடு தேவையா?

நீங்கள் கேட்டிருப்பது இது: மனைவி, பன்னிரண்டு வயது மகள், 68 வயது அம்மா ஆகியோருடன் மூன்று நாள் ரோமில் இருக்கப் போகிறீர்கள். கிளாடியேட்டர் சண்டைகள் நடந்த கொலோசியம் அரங்கம், பழைய ரோம் நகரின் மையச் சதுக்கமான ஃபோரம், பக்கத்தில் பேரரசர்களின் அரண்மனைகள் இருந்த பாலடைன் குன்று மூன்றையும் மூன்று மணி நேரத்தில் சுற்றிக் காட்டும் ‘சிறு குழு’ டூருக்குத் தலைக்கு 70 யூரோ சொல்கிறார்கள். நாமே டிக்கெட் எடுத்தால் 18 யூரோ, விளக்கம் யூடியூபில் கிடைக்கிறது, மீதிப் பணம் எதற்கு என்பது உங்கள் கேள்வி. பணக் கணக்கைப் பிறகு போடுவோம். இந்தக் கேள்விக்குள் இன்னொரு கேள்வி இருக்கிறது என்று எனக்குப் படுகிறது. இவ்வளவு தூரம் போய், உடைந்த தூண்களுக்கு நடுவே நின்று, என்ன பார்க்கிறோம் என்றே புரியாமல் திரும்பி வந்துவிடுவோமோ என்ற பயம். அந்தப் பயம் நியாயமானது. அதனால் அதிலிருந்தே தொடங்குகிறேன்.

என்னைப் பற்றி ஒரு வரி. தொல்லியலில் முதுகலை படித்தேன். அப்புறம் பதினான்கு வருடம் சென்னையிலிருந்து இத்தாலிக்குப் போகும் குழுக்களுடன் டூர் மேனேஜராகப் போய் வந்தேன். நான் உரிமம் பெற்ற கைடு கிடையாது. இத்தாலியில் உரிமம் இல்லாதவர் இந்த இடங்களில் நின்று விளக்கம் சொல்லக் கூடாது. ஆகவே என் வேலை பெரும்பாலும் அங்குள்ள கைடு பேசுவதைக் கேட்பதும், நம் பெரியவர்களுக்கு அதைத் தாழ்ந்த குரலில் தமிழில் சொல்வதும்தான். நல்ல கைடுகளையும் கேட்டிருக்கிறேன், சுமாரானவர்களையும் கேட்டிருக்கிறேன். கீழே சொல்வது அந்த அனுபவத்திலிருந்து வருவது.

முதலில் என் பதில்: கொலோசியத்துக்கு கைடு இருந்தால் நல்லது, இல்லாவிட்டாலும் குடி முழுகிவிடாது. ஃபோரத்துக்கு கட்டாயம் வேண்டும். கொலோசியத்தைப் பார்த்தவுடன் அது என்ன கட்டடம் என்று குழந்தைக்குக்கூடத் தெரிந்துவிடும். அதன் உருவமே பாதி சொல்லிவிடுகிறது. ஃபோரம் அப்படிப்பட்டது இல்லை. ஏறக்குறைய ஆயிரம் ஆண்டுக் கட்டடங்கள் ஒன்றின்மேல் ஒன்றாக, ஒன்றை இடித்து இன்னொன்றாக, ஒரு பள்ளத்தில் கிடக்கின்றன. ரோம் பேரரசு வீழ்ந்த பின் அந்தப் பள்ளம் மண் மூடி மேடாகி, மாடு மேயும் இடமாக இருந்தது. ‘மாட்டு வயல்’ என்று பொருள்படும் காம்போ வச்சீனோ என்றுதான் அதை அப்போது அழைத்தார்கள். பிற்காலத்தில் தோண்டி எடுத்தபோது எல்லாக் காலமும் ஒரே மட்டத்தில் வெளியே வந்துவிட்டது. கி.மு. காலத்துக் கல்லும் கி.பி. 608-இல் நட்ட ஃபோகாஸ் தூணும் பக்கத்தில் பக்கத்தில் நிற்கின்றன. எது முந்தியது, எது பிந்தியது என்று கண்ணுக்குத் தானாகத் தெரியாது. யாராவது சொல்ல வேண்டும், அதுவும் அந்தக் கல்லுக்கு முன்னால் நின்று சொல்ல வேண்டும்.

ஒரு உதாரணம் சொல்கிறேன். ஃபோரத்துக்குள் நுழைந்ததும் அன்டோனினஸ், ஃபவுஸ்டினா கோயில் இருக்கிறது. ஃபவுஸ்டினா பேரரசர் அன்டோனினஸ் பயஸின் மனைவி. அவர் இறந்தபின் கி.பி. 141-இல் அவருக்காகக் கட்டத் தொடங்கிய கோயில் அது. அன்டோனினஸும் இறந்தபிறகு அவர் பெயரையும் மேலே சேர்த்தார்கள். பிற்காலத்தில் அது கிறிஸ்தவ தேவாலயமானது. தூண்களுக்குப் பின்னால் அந்தத் தேவாலயத்தின் கதவு தெரியும். அந்தக் கதவைப் பாருங்கள்: யாரும் ஏறிப் போக முடியாத உயரத்தில் சுவரில் தொங்கிக்கொண்டிருக்கும். அதற்குப் படி கிடையாது. ஏன் இப்படி ஒரு கதவு? கதவு வைத்த காலத்தில் தரை அந்த உயரத்தில் இருந்தது! அத்தனை அடி மண்ணும் பின்னால் தோண்டி எடுக்கப்பட்டது. ஃபோரம் எப்படிப் புதைந்தது, எப்படி வெளியே வந்தது என்பதற்கு இதைவிட நல்ல பாடம் எனக்குத் தெரியவில்லை. ஆனால் தினமும் ஆயிரக்கணக்கானவர்கள் அதன் முன் படம் எடுத்துக்கொண்டு நகர்ந்துவிடுகிறார்கள், ஏனென்றால் அந்தக் கதவைப் பார்க்கச் சொல்ல யாரும் இல்லை.

அதே கோயிலின் தூண்களில், மேல்பக்கம், சாய்வான வெட்டுகள் இருக்கின்றன. கயிறு கட்டி இழுத்துத் தூண்களைச் சாய்க்கப் பார்த்தார்கள், முடியவில்லை என்று பல கைடுகள் உறுதியாகச் சொல்வார்கள். அது ஒரு ஊகம். பிற்காலத்தில் அந்தத் தூண்களில் சாய்வான கூரை பொருத்துவதற்காக வெட்டியிருக்கலாம் என்ற கருத்தும் உண்டு. கதவு விஷயம் உறுதி, வெட்டு விஷயம் சந்தேகம். இரண்டையும் ஒரே குரலில் சொல்லும் கைடும் இருக்கிறார், பிரித்துச் சொல்லும் கைடும் இருக்கிறார். நீங்கள் பணம் கொடுப்பது இரண்டாமவருக்காக இருக்க வேண்டும்.

சிறு குழு என்பது ஏன் முக்கியம் என்பதையும் ஒரு கல்லை வைத்தே சொல்கிறேன். ஃபோரத்தின் மறுகோடியில் செப்டிமியஸ் செவேரஸ் வளைவு நிற்கிறது. பாரசீகப் பக்கம் ஆண்ட பார்த்தியர்கள்மீது கிடைத்த வெற்றிக்காக கி.பி. 203-இல் எழுப்பியது. பேரரசர் செவேரஸுக்கும் அவர் மகன்கள் கரகல்லா, கேட்டா இருவருக்கும் உரியது. உச்சியில் நீளமான கல்வெட்டு. அந்த எழுத்துகள் முதலில் வெண்கலத்தில் செய்து கல்லில் பதித்தவை. வெண்கலத்தை யாரோ எப்போதோ பெயர்த்துப் போய்விட்டார்கள். எழுத்துக்கு வெட்டிய பள்ளமும், அதைப் பிடித்திருந்த முளைகளின் துளைகளும் மட்டும் மிச்சம். எட்டுப் பேர் கொண்ட ஒரு குழுவுடன் அங்கே நின்றபோது எங்கள் கைடு, ஐம்பது வயதுப் பெண்மணி, விளக்கம் எதுவும் சொல்லாமல், “நான்காவது வரியை மட்டும் பாருங்கள், மற்ற வரிகளுக்கும் இதற்கும் என்ன வித்தியாசம்?” என்று கேட்டார். இரண்டு நிமிடம் யாரும் பேசவில்லை. எங்களுடன் வந்திருந்த ஓய்வுபெற்ற கணித ஆசிரியை ஒருவர் கேமராவில் பெரிதாக்கிப் பார்த்துவிட்டு, “இந்த வரியில் துளைகள் எழுத்தோடு பொருந்தவில்லையே, இங்கே வேறு எழுத்து இருந்திருக்கிறது” என்றார். அதுதான் பதில். செவேரஸ் 211-இல் இறந்தார். அதே ஆண்டின் முடிவில் கரகல்லா தன் தம்பி கேட்டாவைக் கொன்றான். தம்பியின் பெயரும் உருவமும் பேரரசெங்கும் எங்கே இருந்தாலும் அழிக்க ஆணை போனது. அந்த வரியில் இருந்த கேட்டாவின் பெயரைச் செதுக்கி எடுத்துவிட்டு, தந்தையையும் மூத்த மகனையும் புகழும் சொற்களைப் பதித்தார்கள். எழுத்தை அழித்தார்கள், பழைய முளைத் துளைகளை அழிக்க முடியவில்லை. கொலை செய்யப்பட்ட ஒரு தம்பியின் பெயரை இன்றும் அந்தத் துளைகளை வைத்துப் படிக்க முடிகிறது.

அதே வளைவுக்கு முன்னால் நாற்பது பேர் குழுவுடனும் நின்றிருக்கிறேன். காதில் மாட்டிய கருவி வழியாக கைடின் குரல் கேட்டது. முன்வரிசையில் நின்றவர்கள் பார்த்தார்கள். நடுவில் இருந்தவர்கள் எந்த வளைவு என்று தேடிக்கொண்டிருந்தார்கள். பின்னால் வந்தவர்கள் வந்து சேர்வதற்குள் குழு நகர்ந்துவிட்டது. குரல் நாற்பது பேருக்கும் ஒன்றுதான், கை நீட்டிக் காட்டும் இடம் எல்லோருக்கும் தெரிவதில்லை. இடிபாடுகளில் அந்தக் கை நீட்டல்தான் முக்கியம். அரண்மனையோ ஓவியக்கூடமோ என்றால் பெரிய குழுவில்கூட ஓரளவு சமாளிக்கலாம்.

உங்கள் விஷயத்தில் இன்னொரு காரணமும் இருக்கிறது. கைடு ஆங்கிலத்தில், இத்தாலிய உச்சரிப்போடு பேசுவார். அம்மாவுக்கு நீங்களோ உங்கள் மனைவியோ தமிழில் சொல்ல வேண்டியிருக்கும். காதுக்கருவிக் குழுவில் ஒரு வாக்கியத்தை மொழிபெயர்க்கும்போது அடுத்த இரண்டு வாக்கியங்கள் போய்விடும், நான் இதை நூறு முறை அனுபவித்திருக்கிறேன். ஆறேழு பேர் என்றால் கைடைப் பார்த்து, “ஒரு நிமிடம், அம்மாவுக்குச் சொல்லிவிடுகிறேன்” என்று கேட்கலாம். நல்ல கைடு காத்திருப்பார். அம்மா கேட்கும் கேள்வியைத் திருப்பி அவரிடம் கேட்கவும் முடியும். பெரியவர்கள் கேட்கும் கேள்விகள்தான் பல நேரம் சிறந்தவை: தண்ணீர் எங்கிருந்து வந்தது, சமையல் எங்கே நடந்தது, இவ்வளவு கல்லை எப்படித் தூக்கினார்கள்.

‘சிறு குழு’ என்ற சொல்லை மட்டும் நம்பிவிடாதீர்கள். ஒருமுறை ஒரு நிறுவனத்தில் சிறு குழு என்று சொல்லிப் பதிவு செய்தோம், போய் நின்றால் இருபத்து நான்கு பேர். கேட்டதற்கு, இருபத்தைந்துக்குக் கீழே இருந்தால் எங்களுக்குச் சிறு குழுதான் என்றார்கள். அதிகபட்சம் எத்தனை பேர் என்று எண்ணாகக் கேட்டு, எழுத்தில் வாங்குங்கள். என் அனுபவத்தில் எட்டுப் பேர் வரை நன்றாக இருக்கும், பன்னிரண்டு வரை பரவாயில்லை, அதற்கு மேல் போனால் சிறு குழுவுக்கான விலையைக் கொடுக்காதீர்கள். அடுத்து, மூன்று மணி நேரத்தில் ஃபோரத்துக்கு எவ்வளவு என்று கேளுங்கள். பல டூர்களில் கொலோசியத்தில் ஒன்றரை மணி நேரம் செலவழித்துவிட்டு, ஃபோரத்தை மேலே ஒரு திண்டில் நின்று காட்டி, “மீதியை நீங்களே சுற்றிப் பாருங்கள்” என்று விடைபெற்றுவிடுவார்கள். நான் மேலே சொன்னபடி, கைடு மிகவும் தேவைப்படும் இடத்தில் கைடு இல்லாமல் போய்விடும். ஃபோரத்துக்குள் குறைந்தது ஒரு மணி நேரம் நடத்திக் கூட்டிப் போகிறார்களா என்று உறுதி செய்துகொள்ளுங்கள்.

இப்போது பணம். 70 யூரோ வீதம் நான்கு பேருக்கு 280 யூரோ. அரசு டிக்கெட் 18 யூரோ என்று நீங்களே பார்த்திருக்கிறீர்கள். இத்தாலிய அரசு அருங்காட்சியகங்களிலும் தொல்லியல் இடங்களிலும் 18 வயதுக்குக் கீழே இருப்பவர்களுக்கு எந்த நாட்டவராக இருந்தாலும் நுழைவுக் கட்டணம் இல்லை, டிக்கெட் மட்டும் பதிந்து வாங்க வேண்டும். ஆக மூன்று பெரியவர்களுக்கு 54 யூரோ. மீதி 226 யூரோ டூருக்குப் போகிறது. இந்தத் தொகைக்கு உங்கள் குடும்பத்துக்கு மட்டும் உரிமம் பெற்ற கைடு ஒருவரை மூன்று மணி நேரத்துக்கு அமர்த்த முடியுமா என்று விசாரியுங்கள். ஒருவர், இருவர் போனால் குழுவில் சேர்வது மலிவு. நால்வர் என்றால் தனி கைடுக்கான விலை பல நேரம் பக்கத்தில் வந்துவிடும். அம்மாவின் நடை வேகத்துக்கு ஏற்ப நடக்கலாம், மகள் எங்கே நிற்க விரும்புகிறாளோ அங்கே நிற்கலாம். உங்கள் இடத்தில் நான் இருந்தால் இதைத்தான் முதலில் முயற்சி செய்வேன். 2023 டிசம்பரில் இத்தாலி கைடுகளுக்கு நாடு முழுவதற்குமான புதிய சட்டம் கொண்டுவந்தது. தேர்வு எழுதி உரிமம் பெற்றவர்தான் கைடாக இருக்க முடியும். உரிம அட்டையைக் காட்டச் சொல்லிக் கேட்பதில் தவறே இல்லை, அவர்கள் கோபித்துக்கொள்ள மாட்டார்கள்.

டிக்கெட் விஷயத்தில் உறுதியாகச் சொல்லக்கூடியவை சில. 2023 அக்டோபரிலிருந்து கொலோசியம் டிக்கெட்டில் பெயர் அச்சிடப்படுகிறது. நுழையும்போது அடையாளச் சான்றைப் பார்ப்பார்கள். பாஸ்போர்ட்டில் உள்ளபடியே பெயரைக் கொடுங்கள். நம் ஊர்ப் பெயர்களில் முதலெழுத்து எது, குடும்பப் பெயர் எது என்ற குழப்பம் வரும், பாஸ்போர்ட்டில் எப்படியோ அப்படியே போட்டுவிடுங்கள். ‘வரிசையில் நிற்காமல் போகலாம்’ என்று விளம்பரம் செய்வார்கள். டிக்கெட் வாங்கும் வரிசையைத்தான் தவிர்க்கலாம், பாதுகாப்புச் சோதனை வரிசையில் எல்லோரும் நிற்கத்தான் வேண்டும். வாசலில் நின்று கையைப் பிடிக்காத குறையாக அழைக்கும் விற்பனையாளர்களிடம் எதுவும் வாங்காதீர்கள். கிளாடியேட்டர் வேடம் போட்டவர்களுடன் படம் எடுத்தால் பின்னால் பணம் கேட்பார்கள். மாதத்தின் முதல் ஞாயிறு இலவசம், அன்று கூட்டம் தாங்காது, அம்மாவை வைத்துக்கொண்டு அந்த நாளில் போக வேண்டாம். ஃபோரத்தையும் பாலடைன் குன்றையும் விட்டு ஒருமுறை வெளியே வந்தால் அதே டிக்கெட்டில் மறுபடி உள்ளே போக முடியாது. கைடு விடைபெற்ற பின்னும் உள்ளேயே இருந்து நிதானமாக இன்னொரு சுற்று வாருங்கள்.

யூடியூப் போதாதா என்று கேட்டீர்கள். போவதற்கு முன் பாருங்கள், நல்லதுதான். சீசர், அகஸ்டஸ், வெஸ்பாசியன், செவேரஸ் என்று நான்கு ஆட்சியாளர்களின் பெயரும் அவர்கள் வந்த வரிசையும் மனதில் இருந்தால் கைடு சொல்வது இரண்டு மடங்கு பிடிபடும். ஆனால் வீடியோவிடம், “அது உங்களுக்கு எப்படித் தெரியும்?” என்று கேட்க முடியாது. கைடிடம் கேட்கலாம். அந்த ஒரு கேள்வியை மரியாதையோடு, உண்மையான ஆர்வத்தோடு, இரண்டு மூன்று முறை கேளுங்கள். எனக்குத் தெரிந்தவரை கைடின் தரத்தை அறிய அதைவிட நல்ல வழி இல்லை.

ஏன் அப்படிச் சொல்கிறேன் என்றால், கொலோசியத்தில் உறுதியானதும் சந்தேகமானதும் அவ்வளவு கலந்து கிடக்கின்றன. வெஸ்பாசியன் கட்டத் தொடங்கி, அவர் மகன் டைட்டஸ் கி.பி. 80-இல் நூறு நாள் விழாவோடு திறந்தார் என்பது உறுதி. நீரோ தன் அரண்மனைக்காக வெட்டிய செயற்கை ஏரி இருந்த இடத்தில்தான் கட்டினார்கள் என்பதும் உறுதி. நீளம் சுமார் 189 மீட்டர், அகலம் 156, உயரம் 48. தரைத்தளத்தில் 80 வளைவு வாசல்கள், அவற்றில் 76-க்கு எண் வெட்டியிருந்தார்கள். 23 முதல் 54 வரையிலான எண்கள் இன்றும் வளைவுகளின் மேல் தெரிகின்றன. டிக்கெட்டில் உள்ள எண்ணைப் பார்த்து மக்கள் தங்கள் வாசலுக்குப் போயிருக்கிறார்கள். மகளை வெளியே ஒரு சுற்று கூட்டிப் போய் ரோமன் எண்களைப் படிக்கச் சொல்லுங்கள். சுவரெங்கும் அம்மை வடு மாதிரி இருக்கும் குழிகளைப் பார்த்துப் போர்க்குண்டு பட்டதோ என்று பலர் கேட்பார்கள். கற்களை இணைத்திருந்த இரும்புப் பட்டைகளை இடைக்காலத்தில் தோண்டி எடுத்த குழிகள் அவை. மொத்தம் 300 டன் இரும்பு இருந்திருக்கும் என்பது மதிப்பீடு. தெற்குப் பக்கம் வெளிச்சுவர் இல்லாமல் இருப்பதற்கு 1349-இல் வந்த நிலநடுக்கம் முக்கியக் காரணம். விழுந்த கல் வீணாகவில்லை, நகரத்தில் பல கட்டடங்களுக்குப் போனது.

சந்தேகமானவை என்னென்ன? கட்டைவிரலைக் கீழே காட்டினால் மரணம், மேலே காட்டினால் உயிர் என்பது எல்லோருக்கும் தெரிந்த ‘உண்மை’. பழைய நூல்களில் கட்டைவிரலைத் திருப்பினார்கள் என்றுதான் இருக்கிறது, எந்தப் பக்கம் என்று இல்லை. இன்று நம் மனதில் இருக்கும் படம் 19-ஆம் நூற்றாண்டுப் பிரெஞ்சு ஓவியம் ஒன்றிலிருந்து வந்தது. “சாகப் போகிறவர்கள் வணங்குகிறோம்” என்று ஒவ்வொரு கிளாடியேட்டரும் சொன்னதாகச் சொல்வார்கள். அது பேரரசர் கிளாடியஸ் காலத்தில் ஃபூசினோ ஏரியில் நடந்த கடற்போர்க் காட்சி ஒன்றைப் பற்றிய குறிப்பு, கொலோசியம் கட்டுவதற்கும் முந்தியது, அதற்கு வெளியே அந்த வாசகத்துக்குச் சான்று இல்லை. கொலோசியத்துக்குள் தண்ணீர் நிரப்பிக் கப்பல் விட்டார்களா? தொடக்க விழாவில் அப்படி நடந்ததாகப் பழைய எழுத்தாளர்கள் எழுதியிருக்கிறார்கள். ஆனால் டைட்டஸின் தம்பி டொமீஷியன் பேரரசராக இருந்த காலத்தில் தரைக்கு அடியில் அறைகளும் நடைகளும் கட்டியபின் அது முடியாது, அதற்கு முன் எப்படிச் செய்தார்கள் என்பதில் பொறியாளர்களிடையே ஒருமித்த கருத்து இல்லை. கிறிஸ்தவர்களைச் சிங்கத்துக்குப் போட்ட இடம் இதுதான் என்ற நம்பிக்கை ஆழமானது. 18-ஆம் நூற்றாண்டின் நடுவில் போப் 14-ஆம் பெனடிக்ட் இந்த இடத்தைப் புனிதமாக அறிவித்தார். ரோமில் கிறிஸ்தவர்கள் கொல்லப்பட்டது உண்மை. குறிப்பாக இந்த அரங்கத்துக்குள் நடந்தது என்பதற்கான சான்றுகள் மட்டும் வலுவில்லாதவை. இதை யாருடைய நம்பிக்கையையும் குறைத்துச் சொல்லவில்லை. சான்று எங்கே நிற்கிறது என்பதை மட்டும் சொல்கிறேன்.

இரண்டுக்கும் நடுவில் நிற்பது ஒன்று உண்டு, எனக்கு மிகவும் பிடித்தது. கொலோசியத்தில் ஒரு பெரிய கல்லில் ஐந்தாம் நூற்றாண்டுப் பழுதுபார்ப்பு பற்றிய கல்வெட்டு இருக்கிறது. அந்த எழுத்துகளுக்கு இடையே, அவற்றோடு சம்பந்தமில்லாத துளைகள். 1995-இல் ஹைடல்பர்க் பேராசிரியர் கேசா அல்ஃபோல்டி அந்தத் துளைகளின் அமைப்பை வைத்துப் பழைய வெண்கல எழுத்துகளை மீட்டுப் படித்தார். போர்க் கொள்ளைப் பணத்தில் இந்தப் புதிய அரங்கத்தைக் கட்ட வெஸ்பாசியன் ஆணையிட்டார் என்பது அவர் வாசிப்பு. அந்தக் கொள்ளை எருசலேமிலிருந்து வந்தது என்று புரிந்துகொள்கிறார்கள். பெரும்பாலானோர் ஏற்றுக்கொண்ட வாசிப்பு, ஆனால் எழுத்தே இல்லாமல் துளையை மட்டும் வைத்துப் படித்தது என்பதால் ஐயம் எழுப்புவோரும் உண்டு. அங்கிருந்து சில நிமிட நடையில் டைட்டஸ் வளைவு. அதன் உள்பக்கச் சிற்பத்தில் எருசலேம் கோயிலின் ஏழு கிளை விளக்கைத் தோளில் சுமந்து வருகிறார்கள். கல்வெட்டை முதலில் பார்த்துவிட்டு இந்தச் சிற்பத்துக்கு வந்தால் கொலோசியம் யார் வயிற்றில் அடித்துக் கட்டியது என்பது வேறு மாதிரி உறைக்கும். நல்ல கைடு இந்த இரண்டையும் சேர்த்துத்தான் காட்டுவார்.

நம்மவர்களை அழைத்துப் போகும்போது நான் தவறாமல் சொல்லும் இடம் ஒன்றும் ஃபோரத்தின் ஓரத்தில் இருக்கிறது. மாக்சென்டியஸ் பசிலிக்கா என்ற பிரம்மாண்டமான கட்டடத்தின் அடியில் டொமீஷியன் கட்டிய மிளகுக் கிடங்கின் எச்சங்கள் உள்ளன. அங்கே குவிந்த மிளகு முசிறி போன்ற மேற்குக் கடற்கரைத் துறைமுகங்களிலிருந்து போனது. யவனர் கப்பல் பொன்னோடு வந்து கறியோடு திரும்பியதை அகநானூறு பாடுகிறது. கறி என்றால் மிளகு. சரக்கு ஏறிய துறை நம் பாட்டில் இருக்கிறது, இறங்கிச் சேர்ந்த கிடங்கு அங்கே இருக்கிறது. உங்கள் அம்மாவிடம் இதைச் சொல்லுங்கள். எங்கள் குழுக்களில் பெரியவர்கள் அந்த இடத்தில் கொஞ்ச நேரம் கூடுதலாக நிற்பார்கள்.

பாம்பேயை ஒரே நாளில் போய் வரலாமா என்றும் கடைசியில் கேட்டிருந்தீர்கள். ரோமிலிருந்து நேப்பிள்ஸுக்கு அதிவேக ரயிலில் ஒரு மணி நேரத்துக்குச் சற்று மேல், அங்கிருந்து உள்ளூர் ரயிலில் இன்னும் அரை மணிக்கு மேல். போய் வரலாம். ஆனால் 66 ஹெக்டேர் நகரம், மூன்றில் ஒரு பங்கு இன்னும் மண்ணுக்கடியில், பார்க்கத் திறந்திருப்பதே ஒரு நாளுக்குத் தாங்காது. தெருவெல்லாம் பெரிய பெரிய கருங்கல், நிழல் குறைவு. மூன்று நாள் பயணத்தில் அம்மாவை வைத்துக்கொண்டு நான் போக மாட்டேன். போவதென்றால் அங்கேயும் சிறு குழுவோ தனி கைடோ வேண்டும், அதுவும் பழைய மனப்பாடத்தை ஒப்பிக்காத கைடு. பொன் காப்பு அணிந்தபடி குழந்தையை மடியில் வைத்து இறந்த தாய் என்று பல ஆண்டுகள் சொல்லிவந்த ஒரு சாந்து வார்ப்பு (இறந்த உடல் சாம்பலுக்குள் விட்ட வெற்றிடத்தில் சாந்து ஊற்றி எடுத்த உரு) அங்கே உண்டு. நானும் எத்தனையோ பேருக்கு அதை அப்படியே தமிழில் சொல்லியிருக்கிறேன். 2024-இல் வெளியான மரபணு ஆய்வில் அது ஓர் ஆண் என்றும், அந்தக் குழந்தைக்கு அவர் உறவினர் இல்லை என்றும் தெரிந்தது. அதன்பின் அந்த இடத்தைப் பற்றிப் பேசும் விதத்தை நல்ல கைடுகள் மாற்றிக்கொண்டார்கள். பாம்பேயைப் புதைத்த எரிமலை வெடிப்பு நடந்த தேதியும் அப்படித்தான். கி.பி. 79 என்பது உறுதி, ஆகஸ்ட் 24 என்று பள்ளியில் படித்தோம். 2018-இல் கிடைத்த கரி எழுத்து ஒன்று அக்டோபர் 17-ஐக் குறிக்கிறது. எந்த ஆண்டு என்று அதில் இல்லை, ஆகவே விவாதம் முடியவில்லை.

பாம்பேய்க்குப் பதிலாக ஆஸ்டியா அன்டிகா போங்கள். ரோமின் பழைய துறைமுக நகரம். பிரமிடே மெட்ரோ நிலையத்துக்குப் பக்கத்தில் இருக்கும் போர்த்தா சான் பவுலோ நிலையத்திலிருந்து ரயிலில் அரை மணி நேரம், நகர டிக்கெட்டே போதும். திங்கள்கிழமை விடுமுறை. இங்கே கைடு இல்லாமலே போகலாம் என்று துணிந்து சொல்கிறேன். ஃபோரம் மாதிரி இது குழப்பம் இல்லை. ஒரு நீண்ட தெரு, இருபக்கமும் கடைகள், மாடிக் குடியிருப்புகள், மாவரைக்கும் கல் அப்படியே நிற்கும் ரொட்டிக்கூடம், வரிசையாக இருக்கை வைத்த பொதுக் கழிப்பறை, சுவரில் உணவு வரைந்திருக்கும் சாப்பாட்டுக் கடை. வணிகர் சதுக்கத்தின் தரையில் கப்பலும் கலங்கரை விளக்கும் யானையுமாகக் கருப்பு வெள்ளை மொசைக், ஒவ்வொன்றும் ஒரு வணிக அலுவலகத்தின் முன்னால். பைன் மரங்களின் நிழலும் உண்டு, கூட்டமும் குறைவு. அம்மா உட்கார்ந்து உட்கார்ந்து பார்க்கலாம்.

அம்மாவுக்காக மேலும் சில வார்த்தை. கொலோசியத்தில் லிஃப்ட் இருக்கிறது, கேட்டால் வழி காட்டுவார்கள். ஃபோரத்தில் ரோமானியர் போட்ட கருங்கல் பாதை மேடும் பள்ளமுமாக இருக்கும், செருப்பு வேண்டாம், பிடிப்புள்ள ஷூ போடச் சொல்லுங்கள். காலையில் முதல் நேரத்துக்கு ஃபோரத்தில் தொடங்கி வெயில் ஏறியபின் கொலோசியத்தின் நிழலுக்கு வருவது என் வழக்கம். டூர்க்காரர்கள் பெரும்பாலும் தலைகீழாகச் செய்வார்கள், தனி கைடு என்றால் நீங்கள் வரிசையை மாற்றச் சொல்லலாம். தெருக்குழாய்களில் எப்போதும் ஓடும் தண்ணீர் குடிக்க நல்லது, காலி பாட்டில் எடுத்துப் போங்கள். பெரிய முதுகுப்பையை கொலோசியத்தில் உள்ளே விட மாட்டார்கள். பாலடைன் குன்றை அம்மாவால் ஏற முடியாவிட்டால் வருத்தப்பட வேண்டாம். உங்கள் மனைவியும் மகளும் போய் வரட்டும், நீங்கள் அம்மாவோடு கீழே பசிலிக்கா ஜூலியா என்ற பழைய நீதிமன்ற மண்டபத்தின் படிகளுக்குப் பக்கத்தில் இருங்கள். அந்தப் படிகளில் ரோமானியர்கள் உட்கார்ந்து ஆடிய ஆட்டங்களுக்குக் கீறிய கட்டங்கள் இன்னும் இருக்கின்றன, அம்மாவுக்குக் காட்டலாம். எதிர்ப்பக்கம் பசிலிக்கா எமிலியா என்ற இன்னொரு பொது மண்டபத்தின் தரையில் பச்சைப் பொட்டுகள் தெரியும். தீயில் உருகிக் கல்லோடு ஒட்டிய செம்பு நாணயங்கள் அவை. தீ பிடித்தது உறுதி, கி.பி. 410-இல் ரோமைச் சூறையாடிய அலாரிக்கின் படை வைத்த தீ என்பது பெரும்பாலும் சரியாக இருக்கலாம்.

செவேரஸ் வளைவின் நான்காவது வரியைப் பற்றி மட்டும் மகளிடம் முன்கூட்டிச் சொல்லிவிடாதீர்கள். வளைவுக்கு முன்னால் நிறுத்தி, போனில் பெரிதாக்கிப் பார்க்கச் சொல்லி, கொஞ்சம் காத்திருங்கள்.